படம் இருக்கிறது, வெளிச்சம்தான் இல்லை

வாசகர் கேள்வி – பதில்

போன இதழில், பழைய மானிட்டர்களை அவசரப்பட்டு எடைக்குப் போடாதீர்கள் என்று இரண்டு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்கள் பெரும்பாலும் ஒரே விஷயத்தைத்தான் கேட்கின்றன. திரை இருட்டாகிவிட்டது, பேக்லைட், அதாவது திரைக்குப் பின்னாலிருந்து வெளிச்சம் கொடுக்கும் விளக்கு, போய்விட்டதா என்று வீட்டிலேயே எப்படிக் கண்டுபிடிப்பது? கோவையில் என் கடைக்கும் இந்தக் கோளாறோடு யாராவது வந்துகொண்டேதான் இருக்கிறார்கள். அதனால் இந்த மாதப் பக்கம் முழுவதும் அதற்கே.

முதலில் ஒரு விளக்கம். எல்.இ.டி. பேக்லைட் பரவலாவதற்கு முன், அதாவது ஏறக்குறைய 2010 வரை வந்த எல்.சி.டி. மானிட்டர், டி.வி., லேப்டாப் இவற்றின் திரைக்குப் பின்னால் இருப்பது சி.சி.எஃப்.எல். என்கிற மெல்லிய ஃப்ளோரசன்ட் விளக்கு. பேனா ரீஃபில் தடிமன்தான் இருக்கும். அதை எரிய வைக்கும் சின்ன போர்டுக்கு இன்வெர்ட்டர் என்று பெயர். கரண்ட் போனால் ஃபேன் ஓட்டுகிற இன்வெர்ட்டர் வேறு, இது வேறு. இது பெரும்பாலும் 12 வோல்ட் டி.சி.யை வாங்கி, விளக்கு பற்றிக்கொள்ள ஆயிரம் வோல்ட்டுக்கு மேலும், பற்றிய பிறகு 500 முதல் 800 வோல்ட் வரையும் உயர் அதிர்வெண் ஏ.சி.யாகக் கொடுக்கும். கோளாறு விளக்கிலா, இன்வெர்ட்டரிலா, அதற்கும் முன்னாலா என்று பிரித்துவிட்டால் பாதி வேலை முடிந்த மாதிரி. கடிதங்களைப் பார்ப்போம்.

ஐயா, ஜெராக்ஸ் கடையில் பில் போட 19 அங்குல மானிட்டர் வைத்திருக்கிறேன். ஆன் செய்தால் படம் பளிச்சென்று வருகிறது, இரண்டு நொடியில் இருட்டாகிவிடுகிறது. பவர் லைட் மட்டும் எரிந்துகொண்டே இருக்கிறது. சர்வீஸ் செய்பவர் ஒருவர், "பேனல் போச்சு, மாற்றினால் புது மானிட்டர் விலை ஆகும்" என்கிறார். நானே சோதித்துப் பார்க்க முடியுமா?
– வாசகர், சேலம்

முடியும். நீங்கள் எழுதியதைப் பார்த்தால் பேனல், அதாவது படத்தைக் காட்டுகிற கண்ணாடித் திரை, போனதாக எனக்குத் தோன்றவில்லை. பேனல் போயிருந்தால் அந்த இரண்டு நொடிகூடப் படம் ஒழுங்காக வந்திருக்காது.

இன்றிரவு கடை ஷட்டரை இறக்கிவிட்டு, விளக்குகளை அணைத்துவிட்டு, மானிட்டரை ஆன் செய்யுங்கள். இருட்டானதும் நல்ல டார்ச் ஒன்றைத் திரைக்கு மிக அருகில் வைத்து, நேராக அடிக்காமல் சாய்த்து அடியுங்கள். செல்போன் டார்ச்சும் போதும். உங்கள் டெஸ்க்டாப் ஐகான்கள் நிழல் மாதிரி மங்கலாகத் தெரிந்தால் படம் வந்துகொண்டிருக்கிறது, வெளிச்சம்தான் நின்றுவிட்டது என்று அர்த்தம். வெள்ளைப் பின்னணியில் கறுப்பு எழுத்து உள்ள பக்கத்தைத் திறந்து வைத்தால் இன்னும் தெளிவாகத் தெரியும். இந்தச் சோதனைக்கு ஒரு ஸ்க்ரூகூடக் கழற்ற வேண்டியதில்லை. இதைச் செய்யாமல் பேனல் போச்சு என்று சொல்பவரின் பேச்சை நீங்கள் ஏற்றுக்கொள்ள வேண்டியதில்லை.

அடுத்தது, ஏன் இரண்டு நொடி? 19 அங்குல மானிட்டரில் பெரும்பாலும் நான்கு விளக்குகள் இருக்கும், மேல் ஓரத்தில் இரண்டு, கீழ் ஓரத்தில் இரண்டு. ஆன் செய்ததும் இன்வெர்ட்டர் எல்லாவற்றையும் ஒன்றாகப் பற்றவைக்கும். அதே நேரத்தில், விளக்குகள் ஓடவேண்டிய சில மில்லி ஆம்பியர் கரண்ட் ஓடுகிறதா என்று அதில் உள்ள கன்ட்ரோல் ஐ.சி. பார்த்துக்கொண்டே இருக்கும். ஒரே ஒரு விளக்கு கரண்ட் எடுக்காவிட்டாலும், ஒன்றிரண்டு நொடி பார்த்துவிட்டு மொத்தத்தையும் அணைத்துவிடும். அப்படி அணைக்காவிட்டால், போக வழியில்லாத உயர் மின்னழுத்தம் எங்கேயாவது பொறி பறந்து போர்டையே கருக்கிவிடும். ஆக, ஒரு விளக்கு இறந்ததற்காக மூன்று நல்ல விளக்குகள் அணைந்து கிடக்கின்றன. உங்கள் மானிட்டரில் நடப்பது அநேகமாக இதுதான். விளக்குக்குப் பதில் இன்வெர்ட்டரில் ஒரு டிரான்ஸ்ஃபார்மர் போயிருந்தாலும் அடையாளம் இதே மாதிரிதான் இருக்கும். அதைப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

அந்த இரண்டு நொடியைக் கவனமாகப் பாருங்கள். வெள்ளைப் பக்கத்தை வைத்து, மேல் ஓரமும் கீழ் ஓரமும் ஒரே வெளிச்சமா, ஒரு பக்கம் மங்கலா, செம்மண் நிறம் அடிக்கிறதா என்று பாருங்கள். செல்போனில் வீடியோ எடுத்துக்கொண்டால் நிறுத்தி நிறுத்திப் பார்க்கலாம். கீழ் ஓரம் மங்கல் என்றால் கீழ் ஜோடியில் ஒன்றுதான் சந்தேகப் புள்ளி.

இதற்கு மேல் மூடியைக் கழற்ற வேண்டும். எலக்ட்ரானிக்ஸ் வேலை பழக்கமில்லாதவர் இங்கேயே நிறுத்திக்கொண்டு, பார்த்ததை ஒரு தாளில் எழுதி, நம்பகமான மெக்கானிக்கிடம் கொடுங்கள். சும்மா சொல்லவில்லை. பல மானிட்டர்களில் பவர் சப்ளையும் இன்வெர்ட்டரும் ஒரே போர்டில் இருக்கும். அதில் உள்ள பெரிய கெப்பாசிட்டரில் 320 வோல்ட்டுக்கு மேல் டி.சி. நிற்கும். பிளக்கைப் பிடுங்கிய பிறகும் கொஞ்ச நேரம் நிற்கும். அதன் இரண்டு காலிலும் ஒரு 15 வாட் குண்டு பல்பின் வயர்களை வைத்து இறக்கிவிட்டு, மீட்டர் வைத்துப் பூஜ்யம்தான் என்று பார்த்த பிறகே கை வைக்க வேண்டும். ஸ்க்ரூடிரைவரால் ஷார்ட் செய்து இறக்குவதை என் கடையில் நான் அனுமதிப்பதில்லை.

பழக்கமுள்ளவர்களுக்கு வழி எளிது. ஒரு நல்ல விளக்கு கையில் வேண்டும், அவ்வளவுதான். கண்ணாடி உடைந்து எடைக்குப் போன மானிட்டரிலிருந்து, கனெக்டரோடு சேர்த்து எடுத்து வைத்த விளக்கு போதும். என் மேஜைக்குப் பின்னால் வயரிங் குழாய்த் துண்டு ஒன்றுக்குள் பஞ்சு வைத்து அப்படி ஒன்றை எப்போதும் வைத்திருப்பேன். மானிட்டரின் நான்கு கனெக்டர்களும் தகட்டுப் பெட்டியின் ஓரத்தில் ஜோடி ஜோடியாக வந்து செருகியிருக்கும். பிளக்கைப் பிடுங்கி, முதல் கனெக்டரைக் கழற்றி, அந்த இடத்தில் நம் சோதனை விளக்கைச் செருகுங்கள். விளக்கை உலர்ந்த அட்டையின் மேல் வையுங்கள், தகட்டின் மேல் வைக்காதீர்கள். ஆன் செய்யுங்கள். இரண்டு நொடியில் மறுபடி அணைந்தால் பிளக்கைப் பிடுங்கி, பழைய கனெக்டரைத் திரும்பச் செருகிவிட்டு, அடுத்த கனெக்டரின் இடத்தில் பாருங்கள். எந்த இடத்தில் நம் விளக்கு இருக்கும்போது திரை அணையாமல் நிற்கிறதோ, அந்த இடத்து விளக்குதான் போனது. நான்கு இடத்திலும் நிற்கவில்லை என்றால் ஒன்றுக்கு மேல் போயிருக்க வேண்டும், அல்லது இன்வெர்ட்டரைத்தான் பார்க்க வேண்டும்.

இன்வெர்ட்டரைப் பார்க்க, கரண்ட் இல்லாத நிலையில், டிரான்ஸ்ஃபார்மர்களின் உயர் மின்னழுத்தப் பக்கச் சுற்றை ஓம் வைத்து ஒப்பிடுங்கள். சில நூறு ஓமிலிருந்து ஆயிரம் சொச்சம் ஓம் வரை மாடலுக்கு மாடல் மாறும். எண் எவ்வளவு என்பது முக்கியமில்லை. ஒரே மாதிரி டிரான்ஸ்ஃபார்மர்கள் ஒரே மாதிரி காட்ட வேண்டும். மூன்று ஒன்றாகவும் ஒன்று மட்டும் விலகியும் காட்டினால் அது உள்ளே ஷார்ட், ஒன்றுமே காட்டாவிட்டால் சுற்று அறுந்துவிட்டது. மீட்டரை எடுக்கும் முன், டிரான்ஸ்ஃபார்மர் கால்களில் உள்ள சால்டரை லென்ஸ் வைத்துப் பாருங்கள். காலைச் சுற்றி மயிரிழை மாதிரி வட்ட விரிசல் தெரிந்தால் ஒரு சூடு காட்டினாலே போதும், செலவே இல்லாமல் மானிட்டர் திரும்பி வந்துவிடும்.

நான் பாலிடெக்னிக்கில் இ.சி.இ. இரண்டாம் ஆண்டு படிக்கிறேன் சார். பழைய லேப்டாப் திரையிலிருந்து எடுத்த விளக்கை மல்டிமீட்டரில் கன்டினியூட்டி வைத்துப் பார்த்தேன், ஒன்றும் காட்டவில்லை. விளக்கு போய்விட்டது என்று எடுத்துக்கொள்ளலாமா? இன்வெர்ட்டர் அவுட்புட்டை 750 வோல்ட் ஏ.சி. ரேஞ்சில் அளக்கலாமா?
– மாணவர், திண்டுக்கல்

இரண்டுக்கும் இல்லை என்பதுதான் பதில், தம்பி. காரணத்தைச் சொல்கிறேன், நீங்கள் படிக்கிறவர்.

வீட்டு டியூப்லைட்டின் ஒவ்வொரு முனையிலும் இரண்டு பின் இருக்கும், அவற்றுக்கு நடுவே ஃபிலமென்ட் இருக்கும். அதில் கன்டினியூட்டி, அதாவது மின்சாரம் போக அறுபடாத வழி இருக்கிறதா என்று, பார்ப்பது நியாயம். சி.சி.எஃப்.எல்.லில் ஃபிலமென்ட் கிடையாது. இரண்டு முனையிலும் சின்ன உலோகக் கிண்ணம் மாதிரி ஒரு எலக்ட்ரோடு, நடுவில் நியானும் ஆர்கானும் கொஞ்சம் பாதரசமும். எரியாதபோது அந்த வாயு மின்சாரத்தைக் கடத்தாது. கடையிலிருந்து வந்த புது விளக்கும் உங்கள் மீட்டரில் ஓப்பன் என்றுதான் காட்டும். எனவே மீட்டரை வைத்து இந்த விளக்கு நல்லதா கெட்டதா என்று சொல்லவே முடியாது. எரிய வைத்துத்தான் பார்க்க வேண்டும்.

இரண்டாவது கேள்விக்கு: சாதாரண மல்டிமீட்டரின் ஏ.சி. ரேஞ்ச் 50 ஹெர்ட்ஸையும் அதை ஒட்டியதையும் அளக்கச் செய்தது. இன்வெர்ட்டர் ஓடுவதோ பல பத்து கிலோஹெர்ட்ஸில். காட்டுகிற எண்ணை நம்ப முடியாது. பற்றவைக்கும்போது வருகிற ஆயிரத்துச் சொச்சம் வோல்ட் மீட்டரையும் கெடுக்கும், ப்ரோப்பைப் பிடித்த விரலையும் பதம் பார்க்கும். அந்தப் பக்கம் மீட்டரைக் கொண்டுபோகவே வேண்டாம்.

மீட்டருக்கு வேலை இன்வெர்ட்டரின் இன்னொரு முனையில் இருக்கிறது. மதர்போர்டிலிருந்து வருகிற கனெக்டரில் மூன்று விஷயம் வர வேண்டும். சப்ளை, விளக்கைப் போடு என்கிற ஆன் சிக்னல், பிரைட்னஸ் சிக்னல். சப்ளை பேட்டரி வோல்ட்டேஜ் அளவிலும், ஆன் சிக்னல் 3 முதல் 5 வோல்ட்டும் இருக்கும். எல்லாம் குறைந்த மின்னழுத்தம், நிதானமாக அளக்கலாம். சப்ளையும் ஆன் சிக்னலும் இருந்து, நல்ல விளக்கும் எரியாவிட்டால் இன்வெர்ட்டர் கெட்டது. சப்ளையே இல்லையென்றால் போர்டில் எறும்பு அளவில் ஒரு ஃப்யூஸ் இருக்கும், அதில் கன்டினியூட்டி பாருங்கள். அது போயிருந்தால் பக்கத்தில் உள்ள மாஸ்ஃபெட் என்கிற டிரான்சிஸ்டரும் ஷார்ட் ஆகியிருக்கிறதா என்று பார்க்காமல் ஃப்யூஸை மட்டும் மாற்றாதீர்கள், புது ஃப்யூஸும் அடுத்த நொடி போகும். ஆன் சிக்னல் வரவில்லை என்றால் லேப்டாப்பில் முதலில் பார்க்க வேண்டியது மூடி ஸ்விட்ச். மூடினால் திரை அணைவதற்கு ஒரு சின்ன பட்டனோ காந்த ஸ்விட்சோ இருக்கும். அது மாட்டிக்கொண்டால் திறந்த லேப்டாப்பையும் மூடியிருக்கிறது என்று நினைத்து விளக்கைப் போடாது. கீல் ஓரத்துப் பட்டனைக் குண்டூசியால் இரண்டு முறை அழுத்திவிட்டதில் சரியான லேப்டாப்புகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

அவுட்புட் வருகிறதா என்று தொடாமலே தெரிந்துகொள்ள ஒரு வழி உண்டு. சின்ன நியான் குமிழ் ஒன்றை நீளமான உலர்ந்த பிளாஸ்டிக் குச்சியின் நுனியில் டேப் போட்டு ஒட்டி, விளக்குக்குப் போகிற வயரின் காப்புறைக்கு அருகே கொண்டுபோங்கள். வயர் உரித்திருக்கக் கூடாது. அவுட்புட் இருந்தால் நியான் தானாகவே மினுங்கும். மீடியம் வேவ் வருகிற பழைய ரேடியோ இருந்தால் அதைப் பக்கத்தில் வைத்தும் கேட்கலாம். பவர் சப்ளையும் கரகரக்கும் என்பதால், பேக்லைட் வரும் அந்த நொடியில் சத்தம் மாறுகிறதா என்று கவனியுங்கள்.

நீங்கள் படிப்புக்காகச் சொந்தமாக ஒரு டெஸ்டர் செய்துகொள்ளவும் வழி இருக்கிறது. ஒரு காலத்தில் கம்ப்யூட்டர் கேபினெட்டுக்குள் அலங்காரத்துக்கு நீலம், பச்சை என்று கலர் கலராக மாட்டிய விளக்குகளும் சி.சி.எஃப்.எல்.தான். அவற்றோடு 12 வோல்ட்டில் ஓடும் சின்ன இன்வெர்ட்டர் வரும். அதை ஒரு பிளாஸ்டிக் டப்பாவுக்குள் அடைத்து, 12 வோல்ட் அடாப்டரும் அழுத்தினால் மட்டும் ஓடுகிற புஷ் பட்டனும் போட்டால் டெஸ்டர் தயார். பட்டனிலிருந்து கையை எடுத்தால் கரண்ட் நின்றுவிட வேண்டும், அதில் மட்டும் சமரசம் வேண்டாம். விளக்கு முழு நீளமும் ஒரே சீராக வெள்ளையாக எரிந்தால் நல்லது. முனைகளில் கறுப்பு வளையம் விழுந்து நடுவில் இளஞ்சிவப்பாக எரிந்தால் ஆயுள் முடிந்துவிட்டது. ஒரு முனையில் பிரகாசமாக ஆரம்பித்து மறுமுனைக்குப் போகப் போக மங்கினால் விளக்கைக் குறை சொல்ல அவசரப்படாதீர்கள். ஒரு பக்க வயர் அறுந்திருந்தாலும் விளக்கு அப்படி அரைகுறையாக எரியும்.

கோத்தகிரியில் வீடு. காலையில் டி.வி. போட்டால் திரை முழுக்க ரோஜா நிறமாக இருக்கிறது, கொஞ்ச நேரத்தில் சரியாகிவிடுகிறது. மதியம் போட்டால் பிரச்சினையே இல்லை. டிசம்பரில் அதிகம். விளக்கு மாற்ற வேண்டுமா?
– வாசகி, கோத்தகிரி

உங்கள் ஊர்க் குளிருக்கும் இதில் பங்கு இருக்கிறது அம்மா. இந்த விளக்கில் வெள்ளை வெளிச்சம் வருவது பாதரச ஆவியால். பாதரசம் ஆவியானால்தான் புற ஊதாக் கதிர் வரும், அது குழாயின் உள்பூச்சில் பட்டு வெள்ளையாக மாறும். குளிரில் பாதரசம் போதுமான அளவு ஆவியாகாமல் கிடக்கும்போது நியான்தான் முன்னால் நின்று எரிகிறது. நியானின் நிறம் சிவப்பு. விளக்கு சூடேறியதும் பாதரசம் தன் வேலையைத் தொடங்கிவிடுகிறது, நிறமும் திரும்பிவிடுகிறது.

ஒன்றிரண்டு நிமிடத்தில் மாறினால் பேசாமல் விட்டுவிடுங்கள். நாளுக்கு நாள் அந்த நேரம் நீண்டு, வெயில் நாளிலும் கால் மணி நேரம் கழித்தும் சிவப்பு நிற்கிறது என்றால் விளக்குக்குள் பாதரசம் தீர்ந்துகொண்டு வருகிறது. எரிய எரிய அது பூச்சிலும் எலக்ட்ரோடிலும் ஒட்டிக்கொண்டு குறையும். அப்போது மாற்றத்தான் வேண்டும். திரை முழுக்க ஒரே மாதிரி சிவக்காமல் ஒரு பட்டை மட்டும் சிவந்தால் குளிர் காரணமில்லை, அந்த ஒரு விளக்கு மட்டும் தளர்ந்திருக்கிறது.

காலையில் போட்டவுடன் அணைந்து, இரண்டாம் முறை போட்டால் நிற்கிறது என்றாலும் பயப்பட வேண்டாம். இரவு முழுக்க இருட்டிலும் குளிரிலும் கிடந்த விளக்கு பற்ற நேரமெடுக்கும். இன்வெர்ட்டர் அதற்குள் பொறுமை இழந்துவிடுகிறது. வயதான விளக்கில் இது அதிகம்.

திருப்பூரில் எம்பிராய்டரி யூனிட் வைத்திருக்கிறேன். மெஷின் டிஸ்ப்ளேயில் சில நாளாக வெளிச்சம் நடுங்குகிறது. காதை வைத்தால் "ஸ்ஸ்" என்று ஒரு சத்தம், லேசாகக் கருகிய வாசனை. மெஷின் நின்றால் ஆர்டர் போச்சுங்க. என்ன செய்வது?
– வாசகர், திருப்பூர்

முதலில் மெஷினை முழுவதுமாக அணையுங்கள். அந்த நிலையில் தொடர்ந்து ஓட்டாதீர்கள். சத்தமும் வாசனையும் சேர்ந்து வந்தால் உயர் மின்னழுத்தம் எங்கோ தகட்டுக்குத் தாவிக்கொண்டிருக்கிறது. பஞ்சுத் தூசி பறக்கிற இடத்தில் அந்தப் பொறி எனக்குக் கவலையாக இருக்கிறது.

பேனலைத் திறந்தால் நேராகப் பார்க்க வேண்டிய இடம் விளக்கின் இரண்டு முனைகள். விளக்கின் ஒரு முனை வயர் கனெக்டருக்குப் பக்கத்திலேயே இருக்கும். மறுமுனையிலிருந்து வருகிற வயர், விளக்கின் நீளம் முழுக்கத் திரும்பி ஓடி வரும், பெரும்பாலும் பளபளக்கும் ரிஃப்ளெக்டர் தகட்டின் முதுகோடு ஒட்டி. முனையில் வெள்ளையாக, மெத்தென்று ஒரு சிலிகான் ரப்பர் மூடி இருக்க வேண்டும். கோளாறு உள்ள விளக்கில் அது பீடி நிறத்துக்குப் பழுத்து, நகத்தால் தொட்டால் பொடிப்பொடியாக உதிரும். அதை நகர்த்திப் பார்த்தால் வயர் கண்ணாடியோடு சேரும் சால்டர் புள்ளி கறுத்திருக்கும். எதிரே தகட்டில் குண்டூசித் தலை அளவில் ஒரு பழுப்புப் புள்ளி. பொறி தாவியது அங்கேதான்.

விளக்கு நன்றாக இருந்து சால்டர் மட்டும் விட்டிருந்தால் திரும்ப ஒட்டலாம். கண்ணாடி முனையில் அதிக நேரம் சூடு காட்டினால் விரிசல் விடும், சட்டென்று தொட்டு எடுக்க வேண்டும். வயரை மாற்றினால் 3 கிலோவோல்ட் தாங்குகிற வயரையே போடுங்கள், கையில் கிடைத்த ஹூக்கப் வயர் ஒரு மாதம்கூடத் தாங்காது. இன்சுலேஷன் டேப் சுற்றுவதும் இதில் செல்லாது.

இன்வெர்ட்டர் போர்டின் மேல் பஞ்சு படிந்து கிடந்தால் மெல்லிய பிரஷ்ஷால் தட்டி எடுங்கள். மழைக்காலத்தில் அந்தப் பஞ்சு ஈரத்தைப் பிடித்துக்கொண்டு மின்கசிவுக்கு வழி கொடுக்கும். இரண்டு ஷிப்ட், மூன்று ஷிப்ட் என்று நாள் முழுக்க எரிகிற பேனல் உங்களுடையது. நாளுக்கு 20 மணி நேரம் என்றால் வருடத்துக்கு 7,300 மணி. இத்தகைய விளக்குகளுக்குத் தயாரிப்பாளர்கள் சொல்கிற ஆயுள், வெளிச்சம் பாதியாகக் குறையும் வரை, 20,000 முதல் 50,000 மணி. உங்கள் விளக்கு தன் கணக்கை முடித்திருக்கவும் கூடும். நல்ல செய்தி ஒன்று உண்டு. தொழிற்சாலைகளுக்கென்று செய்த பேனல்கள் சிலவற்றில், குறிப்பாக 10.4 அங்குலம் போன்ற அளவுகளில், விளக்கு தன் உறையோடு ஒரே ஸ்க்ரூவில் கழன்று வரும். பேனலின் பின்பக்க ஸ்டிக்கரில் உள்ள மாடல் எண்ணைப் படம் எடுத்துக்கொண்டு விளக்கை மட்டும் தேடுங்கள். மொத்த டிஸ்ப்ளே யூனிட்டையும் மாற்றச் சொல்லி யாராவது விலை கொடுத்தால், அதற்கு முன் இதைக் கேளுங்கள்.

விளக்கைக் கழற்றும்போது உடைந்துவிட்டது. உள்ளே பாதரசம் இருக்கும் என்கிறார்கள். வீட்டில் இரண்டு வயதுக் குழந்தை இருக்கிறது. பயமாக இருக்கிறது.
– வாசகர், நாகர்கோவில்

உங்கள் கடிதம் வந்து சேர்வதற்குள் நாளாகியிருக்கும். இருந்தாலும் மற்றவர்களுக்கும் சேர்த்துச் சொல்கிறேன்.

உடைந்ததும் குழந்தையை வேறு அறைக்கு அனுப்பிவிட்டு ஜன்னல்களைத் திறங்கள். ஏ.சி. ஓடினால் அணைத்துவிட்டுப் பத்துப் பதினைந்து நிமிடம் அந்த அறையை விட்டு வெளியே இருங்கள். துடைப்பமும் வேக்குவம் கிளீனரும் கூடாது, இரண்டும் பாதரசத்தைப் பரப்பிவிடும். கையுறை போட்டு, தடித்த அட்டையால் கண்ணாடித் துண்டுகளைத் திரட்டி, மூடி உள்ள கண்ணாடிப் பாட்டிலில் போடுங்கள். தூளை டேப் ஒட்டி எடுங்கள், கடைசியில் ஈரக் காகிதத்தால் துடைத்து அதையும் அதே பாட்டிலில் போட்டு மூடிவிடுங்கள்.

அளவைப் பற்றிச் சொன்னால் உங்கள் பயம் குறையும். பாதரசம் குறித்த மினமாட்டா உடன்படிக்கை 50 சென்டிமீட்டர் வரையுள்ள இத்தகைய விளக்குக்கு 3.5 மில்லிகிராமும், அதற்கு மேல் ஒன்றரை மீட்டர் வரை 5 மில்லிகிராமும்தான் உச்ச வரம்பு என்று 2020-ஐக் கெடுவாக வைத்தது. பழைய காய்ச்சல் தெர்மாமீட்டரில் இருந்ததோ அரை கிராமும் அதற்கு மேலும். ஒரு விளக்கு உடைந்ததால் வீட்டில் யாருக்கும் எதுவும் ஆகிவிடாது, ஒழுங்காகச் சுத்தம் செய்தால் போதும்.

ஆனால் அந்தப் பாட்டிலைக் குப்பைத் தொட்டியில் போடாதீர்கள். குப்பை எரிந்தால் பாதரசம் காற்றுக்குப் போகும், மழையில் நனைந்தால் குளத்துக்குப் போகும், மீனுக்குள் போய்த் தங்கும். பாதரசத்தால் மண்ணைக் கெடுத்த கொடைக்கானல் தெர்மாமீட்டர் தொழிற்சாலை 2001-இல் மூடப்பட்டது. அந்த மண்ணைச் சுத்தம் செய்கிற பேச்சும் வழக்கும் அதற்குப் பிறகும் எத்தனை வருடம் நீண்டன என்பதை நாம் பார்த்திருக்கிறோம். நம் மலையில் நடந்தது அது. மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் அனுமதி பெற்ற மின்கழிவு நிறுவனங்களின் பட்டியல் வாரியத்தின் இணையதளத்தில் கிடைக்கும். போன விளக்குகளைச் சேர்த்து வைத்து அவர்களிடம் கொடுங்கள். மெக்கானிக் நண்பர்களை நான் வேண்டிக் கேட்டுக்கொள்வதும் இதைத்தான்.

போன விளக்குக்குப் பதில் எல்.இ.டி. பட்டை போடலாமா?
– வாசகர், தஞ்சாவூர்

போடலாம். இதற்கென்றே மெல்லிய பட்டையும் சின்ன டிரைவர் போர்டும் சேர்ந்த கிட் கிடைக்கிறது. இன்வெர்ட்டருக்கு வந்த சப்ளை, ஆன், பிரைட்னஸ் வயர்களையே இதற்குக் கொடுக்க வேண்டும். பழைய இன்வெர்ட்டரை ஓடவிடக் கூடாது. பட்டையின் அகலம் விளக்கு இருந்த பள்ளத்துக்குள் அடங்குகிறதா என்று பார்த்து வாங்குங்கள். பில் போடும் மானிட்டருக்கு தாராளமாகச் செய்யலாம். ஸ்டூடியோவில் போட்டோ நிறம் பார்க்கிற மானிட்டருக்கு நான் பரிந்துரைக்க மாட்டேன், நிறம் மாறிவிடும்.

என்னுடையது எல்.இ.டி. டி.வி. சத்தம் வருகிறது, படம் இல்லை. இந்தச் சோதனை அதற்கும் பொருந்துமா?
– வாசகி, காரைக்குடி

டார்ச் சோதனை பொருந்தும், அதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அதில் எல்.இ.டி.க்கள் வரிசையாகக் கோத்திருக்கும், ஒன்று அறுந்தால் அந்த வரிசையே இருண்டுவிடும். வரிசைக்குப் போகிற டி.சி. நூறு வோல்ட்டைத் தாண்டுவதும் உண்டு. பட்டைகளைச் சோதிக்கப் பெரிய கண்ணாடிப் பேனலையே தூக்கி எடுக்க வேண்டும், அது இரண்டு பேர் வேலை. டார்ச்சில் படம் தெரிந்தால் "பேக்லைட் மட்டும் போயிருக்கிறது" என்று சொல்லிக் கொடுங்கள்.

புது விளக்கு எங்கே கிடைக்கும், என்ன சொல்லிக் கேட்க வேண்டும்?
– வாசகர், விழுப்புரம்

உங்களுக்கு சென்னை ரிச்சி தெருதான் பக்கம். உற்பத்தி குறைந்துவிட்டதால் முன்பு மாதிரி எல்லா அளவும் உடனே கிடைப்பதில்லை, இரண்டு மூன்று கடை ஏறி இறங்க வேண்டியிருக்கும். திரை எத்தனை அங்குலம் என்று மட்டும் சொன்னால் போதாது. 15.4 அங்குல அகலத் திரையும் 15 அங்குலச் சதுரத் திரையும் ஒரே விளக்கு எடுக்காது. பழைய விளக்கைக் கழற்றி, வயரை விட்டுவிட்டு, கண்ணாடியின் நீளத்தை மட்டும் மில்லிமீட்டரில் அளந்துகொள்ளுங்கள். விட்டத்தை வெர்னியரில் பாருங்கள், லேப்டாப்பில் 2 மில்லிமீட்டரை ஒட்டி இருக்கும், மானிட்டரில் கொஞ்சம் கூடுதலாக இருக்கும். நீளம் இரண்டு மில்லிமீட்டர் குறைந்தால் சமாளிக்கலாம், கூடினால் பள்ளத்தில் உட்காராது, அழுத்தினால் உடையும். ஒரு ஜோடியில் ஒன்று போயிருந்தால் இரண்டையும் மாற்றுங்கள், இல்லாவிட்டால் திரையின் ஒரு பாதி மட்டும் வெளுப்பாகத் தெரியும். ஊர் திரும்பும்போது விளக்கைப் பையில் படுக்க வைக்காமல் அதே நீளத்துக்கு வெட்டிய பி.வி.சி. குழாயில் போட்டு எடுத்து வாருங்கள்.